லிங்கன் அணியின் 1918ஆம் ஆண்டுப் பருவமும் அதன்பின் வந்த சரிவும்

1918 நவம்பரில் நான்கு எதிரணிகளுக்கு ஒரு புள்ளிகூட விட்டுக்கொடுக்காத லிங்கன் பல்கலைக்கழகக் கால்பந்து அணி (அமெரிக்காவின் கறுப்பினக் கல்லூரிகளில் ஒன்றின் அணி), இரண்டே ஆண்டுகளில் தலைநகர் வாஷிங்டனிலிருந்த மற்றொரு கறுப்பின நிறுவனமான ஹோவர்ட் பல்கலைக்கழகத்திடம் 42–0 என்ற கணக்கில் தோற்றது ஏன் என்று கேட்டிருக்கிறீர்கள். பயிற்றுநர் ஃபிரிட்ஸ் பொல்லார்ட் பணத்துக்காகத் தொழில்முறை ஆட்டத்துக்குப் போய்விட்டதுதான் காரணமா என்றும் சேர்த்துக் கேட்டிருக்கிறீர்கள். பொல்லார்ட் போனது உண்மை. ஆனால் அந்த ஒரு காரணத்தை மட்டும் பிடித்துக்கொண்டால் முதலாவது வெற்றியும் விளங்காது, பின்னர் வந்த தோல்வியும் விளங்காது. ஆட்டக்காரர்களுக்குச் சாப்பாட்டையும் படுக்கையையும் காலணியையும் யார் கொடுத்தார்கள் என்ற கேள்வியிலிருந்து தொடங்கினால் இரண்டுக்கும் விடை ஓரளவு கிடைக்கிறது என்பது என் கருத்து.

முதலில் ஒரு சொல் விளக்கம். இங்கே கால்பந்து என்று சொல்வது நாம் காலால் உதைத்து ஆடும் ஆட்டத்தை அல்ல. முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்திக்கொண்டு, எதிரணியினரை மோதித் தள்ளி முன்னேறும் அமெரிக்க ஆட்டத்தை. பந்தை முன்னோக்கி எறிவதற்கு 1906இல்தான் விதி இடம் கொடுத்தது. 1912இல் களத்தின் நீளம் 100 கஜம் என்றும், பத்துக் கஜம் முன்னேற நான்கு வாய்ப்புகள் என்றும், எல்லைக்கோட்டைக் கடந்து பந்தைச் சேர்க்கும் டச் டவுனுக்கு ஆறு புள்ளிகள் என்றும் விதிகள் அமைந்தன. நம் பேச்சுக்கு மிக முக்கியமான விதி வேறொன்று: களத்திலிருந்து வெளியே வந்த ஆட்டக்காரர் ஆட்டத்தின் நான்கு பகுதிகளில் அதே கால்பகுதிக்குள் மீண்டும் இறங்க முடியாது. ஆகவே இன்றுபோலத் தாக்குவதற்கு ஓர் அணி, தடுப்பதற்கு ஓர் அணி என்று வைத்துக்கொள்ள வழியில்லை. அதே பதினொரு பேர் இரண்டு வேலைகளையும் ஏறத்தாழ ஆட்டம் முழுவதும் செய்தார்கள். முந்தைய இரவு தூங்காதவனை மறைத்துவைக்க அந்த ஆட்டத்தில் இடமே இல்லை.

லிங்கன் பல்கலைக்கழகம் பென்சில்வேனியா மாநிலத்தின் செஸ்டர் வட்டாரத்தில், ஆக்ஸ்ஃபோர்ட் என்ற சிற்றூருக்கு அருகே, வயல்களுக்கு நடுவே இருக்கிறது. ஜான் மில்லர் டிக்கி என்ற பிரெஸ்பிட்டீரியன் சபைக் கிறித்தவப் போதகர் முயன்று 1854இல் அதை ஆஷ்மன் நிறுவனம் என்ற பெயரில் தொடங்கினார். ஆபிரகாம் லிங்கன் கொல்லப்பட்டதற்கு அடுத்த ஆண்டில், 1866இல், அது அவர் பெயரை ஏற்றது. மாணவர்கள் கறுப்பின இளைஞர்கள். ஆசிரியர்களோ வெள்ளையர்கள், அவர்களில் பலர் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் படித்தவர்கள். அதனாலேயே அதற்குக் கறுப்பு பிரின்ஸ்டன் என்ற பட்டப்பெயரும் உண்டாயிற்று. அங்கே கறுப்பினத்தவர் ஒருவர் பேராசிரியராக 1930களிலும் தலைவராக 1945இலும்தான் வர முடிந்தது. விளையாட்டுக்கு எவ்வளவு செலவிடுவது என்று முடிவு செய்த நிர்வாகமும், அடிபட்டு ஆடிய மாணவர்களும் நிறக்கோட்டின் இரு பக்கங்களில் இருந்தார்கள் என்பதை இதற்குமேல் விளக்க வேண்டியதில்லை.

கறுப்பினக் கல்லூரிகள் ஒன்றோடொன்று ஆடத் தொடங்கியது 1892 டிசம்பர் 27ஆம் தேதி, வட கரோலினாவின் சாலிஸ்பரி நகரில். பிடில் கல்லூரி அணி லிவிங்ஸ்டன் கல்லூரிக்கு வந்து பனி கொட்டிக்கொண்டிருக்கையில் ஆடி வென்றது. கோடுகளைப் பனி மூடிவிட்டதால், லிவிங்ஸ்டன் ஆட்டக்காரர் ஒருவர் பந்தை எடுத்து ஓடிச் சேர்த்தது எல்லைக்கு உள்ளேயா வெளியேயா என்று வாக்குவாதம் எழுந்து, தீர்ப்பு விருந்தாளிகளுக்குச் சாதகமாக முடிந்தது. எனக்கு அந்தத் தகராறைவிட வேறொரு செய்திதான் மனத்தில் நிற்கிறது. லிவிங்ஸ்டன் மாணவர்கள் ஆளுக்குக் கொஞ்சம் காசு போட்டுப் பந்து வாங்கினார்கள். உடைகளைத் தையல் பிரிவு மாணவிகள் முரட்டுத் துணியில் தைத்துக் கொடுத்தார்கள். ஆட்டக்காரர்கள் தாம் தினமும் போட்டு நடக்கும் காலணியின் அடியில் கட்டைகளை அறைந்துகொண்டு ஆடி, ஆட்டம் முடிந்ததும் அவற்றைப் பிடுங்கிவிட்டு மறுபடி அதே காலணியில் வகுப்புக்குப் போனார்கள். காலணி என்ற சிக்கல் இந்த வரலாற்றில் முதல் நாளிலேயே வந்துவிடுகிறது.

இருபது ஆண்டுகள் கழித்து, 1912இல், ஹாம்ப்டன், ஹோவர்ட், லிங்கன், ஷா, வர்ஜீனியா யூனியன் ஆகிய நிறுவனங்கள் ஒன்றுகூடிக் கறுப்பினக் கல்லூரிகளுக்கான முதல் விளையாட்டுச் சங்கத்தை ஏற்படுத்தின. யார் மாணவர், யார் கூலிக்கு வந்து ஆடுபவர் என்பதற்கு ஒரு வரையறை பிறந்தது. ஆட்ட நாட்கள் முன்கூட்டியே முடிவாயின. இவற்றுள் லிங்கனும் ஹோவர்டும் நவம்பர் கடைசி வியாழனன்று, தேங்க்ஸ்கிவிங் எனப்படும் நன்றியறிதல் நாளில், மோதுவது பெரிய விழாவாக வளர்ந்தது. மற்ற ஆட்டங்கள் எல்லாம் எப்படிப் போனாலும் அந்த ஒரு வியாழனை வைத்துத்தான் பழைய மாணவர்கள் பருவத்தை மதிப்பிட்டார்கள்.

1918இல் லிங்கன் அணிக்குப் பயிற்றுநராக வந்த பொல்லார்டுக்கு அப்போது வயது 24. சிகாகோவின் ராஜர்ஸ் பார்க் பகுதியில் பிறந்தவர். முழுப்பெயர் ஃபிரெடரிக் டக்ளஸ் பொல்லார்ட். உயரத்திலும் எடையிலும் இந்த ஆட்டத்துக்குச் சிறிய மனிதர், ஆனால் பிடிக்கு அகப்படாதவர். பிரவுன் பல்கலைக்கழகத்துக்காக ஆடி, 1916 புத்தாண்டு அன்று ரோஸ் பவுல் என்ற புகழ்பெற்ற கல்லூரிக் கால்பந்து ஆட்டத்தில் இறங்கிய முதல் கறுப்பின வீரர் என்ற பெயரைப் பெற்றார். அதே ஆண்டின் இலையுதிர் காலத்தில் பிரவுன் அணி யேலை 21–6 என்றும், அடுத்த வாரமே ஹார்வர்டை 21–0 என்றும் வென்றபோது அவரே அதன் முதுகெலும்பு. கால்பந்து வல்லுநர் வால்ட்டர் கேம்ப் நாட்டின் சிறந்த கல்லூரி ஆட்டக்காரர்களைக் கொண்டு ஆண்டுதோறும் தேர்ந்தெடுத்த அனைத்து அமெரிக்க அணியின் பின்வரிசையில் இடம் பெற்ற முதல் கறுப்பினத்தவரும் அவர்தான். இப்படிப்பட்டவரை எந்த வெள்ளையர் பல்கலைக்கழகமும் அன்று தலைமைப் பயிற்றுநராக அழைத்திருக்காது. லிங்கனுக்கு அவர் கிடைத்ததற்கு அதுவும் ஒரு காரணம்.

அவர் வந்த ஆண்டு சாதாரண ஆண்டல்ல. முதல் உலகப் போர் இன்னும் நடந்துகொண்டிருந்தது. செப்டம்பர் இறுதியில் ஃபிலடெல்ஃபியாவில் நடந்த போர்க் கடன் ஊர்வலத்துக்குப் பிறகு இன்ஃப்ளூயன்சா என்ற விஷக்காய்ச்சல் அந்நகரில் பேயாட்டம் ஆடி, சில வாரங்களில் பன்னிரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோரைக் கொண்டுபோயிற்று. லிங்கன் வளாகம் அந்நகரிலிருந்து சுமார் 45 மைல் தொலைவில்தான் இருந்தது. நாடு முழுவதும் அக்டோபர் ஆட்டங்கள் கைவிடப்பட்டன அல்லது தள்ளிப்போயின. போர்த்துறையும் தன் பங்குக்குப் பயிற்சி நேரத்தையும் வெளியூர்ப் பயணங்களையும் கட்டுப்படுத்தியிருந்தது. அதனால்தான் 1918ஆம் ஆண்டுப் பருவம் என்று நாம் பேசுவது உண்மையில் ஒரே ஒரு மாதத்துக் கதை.

போர்த்துறைக்குக் கால்பந்தில் என்ன வேலை என்று தோன்றலாம். 1918 அக்டோபர் முதல் தேதி அமெரிக்கா எங்கும் ஐந்நூறுக்கும் மேற்பட்ட கல்லூரிகளில் மாணவர் இராணுவப் பயிற்சிப் படை என்ற ஏற்பாடு ஒரே நாளில் தொடங்கிவைக்கப்பட்டது. அதில் சேர்ந்த மாணவர் படைவீரராகவே கருதப்பட்டார்: மாதம் 30 டாலர் சம்பளம், அரசுச் செலவில் உணவு, உடை, தங்குமிடம், படிப்புக் கட்டணம். லிங்கனிலும் ஹோவர்டிலும் இந்தப் படைப்பிரிவுகள் இருந்தன. லிங்கனில் அதன் விளையாட்டு இயக்குநர் பொறுப்பும் பொல்லார்டிடமே இருந்தது. அதாவது, வேறெந்த ஆண்டிலும் இல்லாத வகையில், அந்த இலையுதிர் காலத்தில் மாணவர்களுக்கு மூன்று வேளை சோறு போட்டது கல்லூரியல்ல, கூட்டரசாங்கம். கோடையில் ஓட்டல்களிலும் ரயில்களிலும் எடுபிடி வேலை செய்து கட்டணத்துக்குக் காசு சேர்க்கும் மாணவர்கள் நிறைந்த கல்லூரியில் இது சின்ன மாற்றமல்ல. பொல்லார்டின் திறமையை நான் குறைக்கவில்லை. அந்தத் திறமை வேலை செய்வதற்குத் தேவையான வயிறு நிறைந்த, வேளைக்கு எழுந்து பயிற்சி செய்யும் உடல்கள் அவருக்குக் கிடைத்தன என்கிறேன்.

நவம்பர் 2ஆம் தேதி சனிக்கிழமை நியூ ஜெர்சியின் கேம்ப் டிக்ஸ் இராணுவ முகாமைச் சேர்ந்த அணியை லிங்கன் 19–0 என்று வென்றது. அடுத்த சனிக்கிழமை, 9ஆம் தேதி, ஹாம்ப்டனை 7–0 என்று வென்றது. இடையில் திங்கட்கிழமை 11ஆம் தேதி போர் முடிந்தது. அந்த வாரக் கடைசியில், 16ஆம் தேதி, லாங் ஐலண்டிலிருந்த கேம்ப் அப்டன் முகாமின் அணியை 41–0 என்று நொறுக்கியது. இறுதியாக, 28ஆம் தேதி நன்றியறிதல் நாளன்று, ஹோவர்டை 13–0 என்று வீழ்த்தியது. நான்கு ஆட்டங்கள், 80 புள்ளிகள், எதிரே பூஜ்யம்.

இந்த எண்களைக் கொஞ்சம் சந்தேகத்தோடும் பார்க்க வேண்டும். எதிரிகளில் இரண்டு அணிகள் முகாம்களில் சில வாரங்களில் சேர்த்தமைக்கப்பட்டவை. அந்த இரு ஆட்டங்களில்தான் 80இல் 60 புள்ளிகள் வந்தன. அப்டன் ஆட்டத்தின்போது போர் முடிந்து ஐந்து நாட்களே ஆகியிருந்தன. எப்போது வீட்டுக்கு அனுப்புவார்கள் என்று காத்துக்கொண்டிருந்தவர்களின் மனம் களத்தில் எவ்வளவு இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். பருவத்தின் உண்மையான அளவுகோல் ஹாம்ப்டனுக்கு எதிரான 7–0. அது அநேகமாக ஒரே ஒரு டச் டவுனும் அதற்கடுத்து ஒரு புள்ளி தரும் ஓர் உதையும், அவ்வளவுதான் இடைவெளி. வர்ஜீனியாவிலிருந்த ஹாம்ப்டன் தொழிற்கல்விக்குப் பேர்போன நிறுவனம். அதன் அணியும் கட்டுப்பாட்டுக்குப் பேர்போனது. லிங்கனுக்கும் ஹாம்ப்டனுக்கும் இடையே இருந்த தூரம் ஒரு டச் டவுன்தான் என்பதை நினைவில் வைத்துக்கொண்டால், பின்னால் நடந்தது அவ்வளவு வியப்பாக இராது.

டிசம்பரில் அந்தப் பயிற்சிப் படை கலைக்கப்பட்டது. அரசாங்கச் சோறும் அதோடு நின்றது.

அடுத்த பருவங்களில் லிங்கனின் பழைய நிலைமை திரும்பியது. ஆள் பலத்தில் குறை சொல்ல முடியாது. ரட்கர்ஸ் பல்கலைக்கழகத்தில் 1917இலும் 1918இலும் அனைத்து அமெரிக்க அணியில் இடம் பெற்ற பால் ரோப்சன், பின்னாளில் உலகம் அறிந்த பாடகரும் நடிகருமான அதே ரோப்சன், சட்டம் படித்துக்கொண்டே லிங்கனுக்கு வந்து பயிற்சியில் துணை செய்தார். அவருக்கு அது அந்நிய இடமல்ல. அடிமையாகப் பிறந்து தப்பிவந்த அவருடைய தந்தை படித்துப் போதகரானது அந்தக் கல்லூரியில்தான். பொல்லார்டும் ரோப்சனும் சேர்ந்து நின்று சொல்லிக் கொடுத்த பயிற்சி மைதானம் அன்றைய அமெரிக்காவில் வேறெந்தக் கறுப்பினக் கல்லூரிக்கும் வாய்த்திருக்காது. ஆனாலும் அணி கீழே இறங்கியது.

ஏன் என்பதற்குப் பொல்லார்டே வெளிப்படையாகக் குற்றச்சாட்டு வைத்திருக்கிறார். அது நிர்வாகத்தின் மீது. ஹாம்ப்டனுக்கு ஆடப் போனபோது அணியினர் இரவு முழுவதும் படகில் பயணம் செய்ய நேர்ந்தது. படுக்க இடம் தரப்படவில்லை. சாப்பிட எதுவும் இல்லை. மறுநாள் நண்பகலில் ஓய்வும் உணவும் இன்றி அப்படியே களத்தில் இறங்க வேண்டியதாயிற்று. செஸ்பீக் விரிகுடா வழியாகப் பால்டிமோரிலிருந்தும் வாஷிங்டனிலிருந்தும் இரவுநேர நீராவிக் கப்பல்கள் அந்தப் பக்கம் போய்க்கொண்டிருந்த காலம் அது. காசு உள்ள வெள்ளைப் பயணிக்கு அறையும் உணவு மேசையும் இருக்கும். வர்ஜீனியாவில் கறுப்பினப் பயணிகளைப் பிரித்து வைப்பது சட்டமாகவே இருந்தது. பொல்லார்ட் கல்லூரியைக் குற்றம் சொன்னார், அது நியாயமே. ஆனால் கல்லூரி முன்கூட்டிப் பணம் கட்டியிருந்தாலும் அந்தப் பதினைந்து இருபது இளைஞர்களுக்கு வழியில் எந்த ஓட்டல் கதவு திறந்திருக்கும் என்பதையும் நாம் கேட்டுக்கொள்ள வேண்டும். நிர்வாகம் அலட்சியமாக இருந்தால் அந்தக் காலத்தில் கறுப்பின அணிக்கு மாற்று வழியே கிடையாது என்பதுதான் இதில் கடுமை. முன்பு ஒரு டச் டவுன் வித்தியாசத்தில் வென்ற அதே ஹாம்ப்டனிடம் லிங்கன் 14–0 என்று தோற்றது.

அவருடைய இரண்டாவது குறை காலணி. களத்துக்கேற்ற காலணிகளைக் கல்லூரி வாங்கித் தரவில்லை. முன்னாள் மாணவர் ஒருவர் தம் கையிலிருந்து கொடுத்து உதவ வேண்டியிருந்தது. ஈரப் புல்தரையில் அடிக்கட்டை இல்லாத காலணியோடு ஓடி வளைய முயன்றவர்களுக்கு இதன் பொருள் தெரியும். பொல்லார்ட் கற்றுக்கொடுத்திருக்கக்கூடியதெல்லாம் அவருடைய சொந்த வித்தைதானே: முழு வேகத்தில் ஓடிக்கொண்டே திடீரென்று திசை மாற்றுவது. மண்ணைப் பிடிக்காத காலணியில் அந்த வித்தையைச் செய்யவே முடியாது. சாலிஸ்பரியில் தெருக் காலணிக்கு அடியில் கட்டை அறைந்த மாணவர்களுக்கும் இவர்களுக்கும் இடையே கால் நூற்றாண்டுக்கு மேல் ஓடியிருந்தது.

இப்போது உங்கள் இரண்டாவது கேள்விக்கு வருகிறேன். பொல்லார்ட் 1919 முதல் ஓஹையோ மாநிலத்தின் அக்ரன் நகர அணிக்குத் தொழில்முறையில் ஆடினார். 1920இல், பின்னர் என்.எஃப்.எல். (தேசியக் கால்பந்துச் சங்கம்) என்று பெயர் மாறிய தொழில்முறைச் சங்கம் தொடங்கியபோது, அக்ரன் ஒரு தோல்வியும் இன்றி அதன் முதல் சாம்பியன் ஆயிற்று. பொல்லார்ட் அதன் ஹாஃப் பேக், அதாவது பின்வரிசையிலிருந்து பந்தை ஏந்தி ஓடுபவர். லிங்கனின் பயிற்றுநர் பட்டியலில் 1918 முதல் 1920 வரை அவர் பெயர் இருக்கிறது. 1920 நவம்பர் 25ஆம் தேதி, அதே நன்றியறிதல் வியாழனன்று, அக்ரன் அணி கான்டன் அணியை 7–0 என்று வென்றது; லிங்கன் அணி ஹோவர்டிடம் 42–0 என்று தோற்றது. மூன்று நாள் கழித்து ஞாயிறன்று அக்ரனுக்கு மறுபடி ஓர் ஆட்டம். ஒரே ஆள் இரண்டு மாநிலங்களில் நிற்க முடியாது. பழைய மாணவர்கள் கொதித்தார்கள், கொதிக்க அவர்களுக்கு உரிமையும் இருந்தது.

ஆனால் இங்கே ஒரு நுணுக்கம் இருக்கிறது. அன்றைய விதிப்படி ஆட்டம் நடக்கும்போது பயிற்றுநர் ஓரத்தில் நின்று உத்தி சொல்லிக் கொடுக்கக் கூடாது. எந்த உத்தியை எப்போது ஆடுவது என்பதைக் களத்திலிருந்து தாக்குதலை நடத்தும் ஆட்டக்காரரான குவார்ட்டர்பேக்தான் முடிவு செய்வார். எனவே அந்த ஒரு வியாழனில் பொல்லார்ட் இல்லாததால் மட்டும் ஆறேழு டச் டவுன் விழுந்திருக்காது. ஒரு பயிற்றுநரின் மதிப்பு அவர் வார நாட்களில் மைதானத்தில் நிற்பதில் இருந்தது. ஓஹையோவுக்கும் பென்சில்வேனியாவின் கிழக்கு ஓரத்துக்கும் இடையே ரயிலில் கழிந்த இரவுகள் அந்த நாட்களைத்தான் தின்றன. அவர் அப்படி அலைந்ததற்குப் பணம் காரணம் என்றால், அந்தப் பணத்தை லிங்கன் தர முடியாமல் இருந்தது அல்லது தர விரும்பாமல் இருந்தது என்பதும் காரணம்தான். ஆட்டக்காரருக்குக் காலணி வாங்காத நிறுவனம் பயிற்றுநருக்கு முழு ஆண்டுச் சம்பளம் கொடுத்து வைத்திருக்கும் என்று நான் நம்பவில்லை.

எதிரணியையும் மறந்துவிடக் கூடாது. 42–0 என்பது லிங்கனின் சரிவை மட்டும் அளக்கும் எண்ணல்ல. 1920ஆம் ஆண்டு ஹோவர்ட் அணி ஆடிய ஏழு ஆட்டங்களையும் வென்றது. கறுப்பினக் கல்லூரிகளின் தேசிய சாம்பியன் என்ற பட்டம் அந்த ஆண்டிலிருந்தே கணக்கிடப்படுகிறது. அலபாமாவின் டல்லடேகா கல்லூரியோடு ஹோவர்ட் அதைப் பகிர்ந்துகொள்கிறது. தலைநகரில் இருந்ததும், கூட்டரசாங்கத்தின் மானியம் பெற்றதும், மருத்துவம், சட்டம் என்று பல புலங்கள் கொண்டதுமான ஹோவர்டின் வசதி, வயல் நடுவே ஆண்கள் மட்டும் படித்த லிங்கனுக்கு இல்லை. அந்த வசதி ஆட்டக்காரர்களின் உணவு மேசை வரைக்கும் வந்திருந்தது.

அது எவ்வளவு முக்கியம் என்பதை ஹோவர்டே பின்னர் காட்டியது. 1926இல் அதன் முதல் கறுப்பினத் தலைவராகப் பொறுப்பேற்ற மோர்டெகாய் ஜான்சனின் காலத்தில், அடுத்த ஆண்டுப் பருவத்தின்போது, கால்பந்து ஆட்டக்காரர்களுக்கு அதுவரை கிடைத்துவந்த இலவச உணவும் தங்குமிடமும் நிறுத்தப்பட்டன. படிப்பை விளையாட்டு விழுங்கிவிடக் கூடாது என்ற கவலை நிர்வாகத்துக்கு இருந்தது. அது பொருளற்ற கவலையும் அல்ல. ஆட்டக்காரர்கள் அதற்குச் சொன்ன பதில் வேலைநிறுத்தம். அவர்கள் சீருடையை மாட்ட மறுத்தார்கள்.